வெளிநாடு போன ஆக்கள்ர கதையைத் திருகோணமலையில இருந்தே எழுதுறது எப்படி

வெளிநாடு போன ஆக்களைப் பத்தி எழுதுற இந்தப் பத்திரிகை வேலைக்கு வரணும் எண்டு ஆசைப்படுற பிள்ளைகள் முதல்ல கேக்கிறது, "லண்டனுக்கோ கனடாவுக்கோ போகாம அங்க இருக்கிற ஆக்களைப் பத்தி எப்படி எழுதுற?" எண்டுதான். போகத் தேவையில்ல. ஆரம்பத்தில சத்தியமா தேவையில்ல. கனடா ஸ்காபுரோவில இருந்து, லண்டன் ஹரோவில இருந்து எழுதுற ஆக்கள் எக்கச்சக்கம், அங்க நடக்கிறது அவங்களுக்கு நல்லாத் தெரியும். ஆனா அந்த ஆள் போறதுக்காக எந்தக் காணியை ஈடு வச்சது, யார்ர தாலிக்கொடி அடகுக்குப் போனது, ஏஜென்சிக்காரனை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு வந்த சொந்தக்காரன் யாரு, போன பிறகு அந்த வீட்டில யார் சமைக்கிறது, இதெல்லாம் இங்கதான் கிடக்கு, இங்க இருக்கிற ஆளாலதான் எடுக்க ஏலும். நான் இதில சொல்லப்போறதெல்லாம் இந்தப் பாதிக் கதையை ஒழுங்கா எடுத்து எழுதுறது எப்படி எண்டதுதான்.

எங்கட மாவட்டத்தைக் கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. மூதூர், கிண்ணியா பக்கம் போனா சவூதி, குவைத், கட்டார். டவுனுக்குள்ள உவர்மலை, உப்புவெளி பக்கம் வீட்டுக்கு ஒராள் கனடாவோ லண்டனோ சுவிஸோ. கடற்கரை ஊர்கள்ல 2012ல அவுஸ்திரேலியாவுக்கு போட் ஏறின பெடியன்கள். மூதூர் கிழக்கில 90லயும் 2006லயும் கடல் தாண்டி இந்தியாவுக்குப் போய் தமிழ்நாட்டு மண்டபம் அகதி முகாமில பதிஞ்ச குடும்பங்கள், அதில திரும்பி வந்ததும் இருக்கு, வராம அங்கயே பேரப்பிள்ளை கண்டதும் இருக்கு. இப்ப கொரியாவுக்கு எண்டு மொழிப் பரீட்சைக்குப் படிக்கிற கூட்டம் வேற. இது ஒவ்வொண்டும் வேற வேற உலகம். சட்டம் வேற, கடன் வேற, பயம் வேற. அதால ஒண்டை மட்டும் பிடிங்க. ஒரு ரெண்டு வருஷம் வளைகுடா வீட்டுவேலை மட்டும்தான், இல்லாட்டி போட்ல போய்த் திரும்பி வந்தவங்க மட்டும்தான் எண்டு நிண்டா அந்த விஷயத்தில உங்கள விடத் தெரிஞ்ச ஆள் கொழும்பில கூட இருக்காது. எல்லாத்திலயும் கை வச்சா எல்லாம் ஒரே அழுகைக் கதையா வந்து நிக்கும்.

ஆளைத் தேட முதல் பேப்பரை, அதாவது சட்டத்தையும் ஆவணத்தையும், படிங்க

நிறையப் பேர் நேரா வீட்டுக்குப் போய் "உங்கட கஷ்டத்தைச் சொல்லுங்க" எண்டு றெக்கோடரை நீட்டுறாங்க. அப்படிச் செய்யாதீங்க. அந்த ஆள் எந்த சிஸ்டத்துக்குள்ளால போனது எண்டு தெரியாம கதைச்சா கேக்க வேண்டிய கேள்வியே உங்களுக்கு வராது.

வளைகுடா எண்டா வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகம், சனம் பியூரோ எண்டு சொல்றது. 1985ம் ஆண்டு 21ம் இலக்கச் சட்டத்தால வந்தது. அந்தச் சட்டத்தை ஒருக்கா இருந்து வாசிங்க, தமிழ்லயும் இருக்கு. ஏஜென்சிக்கு லைசன்ஸ் இருக்கா எண்டு பியூரோட வெப்சைட்லயே பாக்கலாம், 1989க்கு அடிச்சும் கேக்கலாம். ஆனா ஊருக்குள்ள வாறது லைசன்ஸ் உள்ள ஏஜென்சி இல்ல, சப் ஏஜென்ட். அவன்ட பேர் எந்தப் பேப்பர்லயும் இராது, இவங்கட வீட்டில தேத்தண்ணி குடிச்சிட்டுப் போன ஆள்தான். கதையில முக்கியமான ஆளே அவன்தான், ஆனா முக்கால்வாசிக் கட்டுரையில அவன் வாறதே இல்ல.

இன்னொண்டு கவனிங்க, காசு எந்தப் பக்கம் ஓடுது எண்டது. ஆம்பிளை டிரைவர் வேலைக்கோ கட்டட வேலைக்கோ போனா அவர்தான் ஏஜென்சிக்குக் காசு கட்டணும். பொம்பிளை வீட்டுவேலைக்குப் போனா கன இடத்தில ஏஜென்சிதான் அவவுக்கு முன்காசு குடுக்கும். வீட்டில கடன் தலைக்கு மேல போகேக்க மனிசன் போகாம மனிசி ஏன் போறா எண்டதுக்குப் பாதிப் பதில் இந்தக் காசுக்குள்ளதான் இருக்கு. அதோட அங்க அடிச்சாலும் திரும்பி வர ஏலாம நிக்கிறதும் அந்த முன்காசை வாங்கினதாலதான். இதைத் தெரிஞ்சிட்டுப் போனா "ஏன் போனீங்க?" எண்ட மொக்கைக் கேள்வி கேக்க மாட்டீங்க, "எவ்வளவு தந்தாங்க, அதில யாருக்கு எவ்வளவு போச்சு?" எண்டு கேப்பீங்க.

2013ல குடும்பப் பின்னணி அறிக்கை எண்டு ஒண்டு கொண்டு வந்தாங்க, 5 வயசுக்குக் குறைஞ்ச பிள்ளை உள்ள தாய்மார் போக ஏலாத மாதிரி. பேப்பர்ல பாத்தா நல்ல விஷயம் மாதிரித்தான் இருக்கும். நடந்தது என்னெண்டா போக வேண்டிய ஆக்கள் போகாம நிக்கல்ல, விசிட் விசாவில போனாங்க. பதிவும் இல்ல, இன்சூரன்ஸும் இல்ல. 2022ல அந்தக் கட்டுப்பாட்டைத் தளர்த்தினாங்க, அதே வருஷக் கடைசியில ஓமானுக்கு விசிட் விசாவில போய் மாட்டின பொம்பிளைகள்ர பிரச்சினை பெரிசா வெளிய வந்தது. நீங்க கதைக்கப்போற ராத்தா எந்த வருஷம் போனா எண்டு தெரிஞ்சாலே எந்தச் சட்டத்துக்குள்ள மாட்டினா எண்டு விளங்கும்.

பேப்பர் எண்டா என்ன எண்டதுக்கு எங்கட மூதூரை விட வேற உதாரணம் வேணாம். றிசானா நபீக், 2005ல சவூதிக்குப் போனவ. பாஸ்போட்ல பிறந்த வருஷம் 1982, பிறப்புச் சான்றிதழ்ல 1988. போகேக்க 17 வயசு. வேலைக்குப் போய்க் கொஞ்ச நாள்ல அந்த வீட்டுக் குழந்தை செத்து, கொலை எண்டு கேஸ் போட்டு, 2013 ஜனவரி 9ம் திகதி தண்டனையை நிறைவேத்தினாங்க. அவ குடுத்த வாக்குமூலம் எந்த மொழியில எப்படி எடுத்தது, மொழிபெயர்த்த ஆள் ஒழுங்காத் தமிழ் தெரிஞ்ச ஆளா எண்டதெல்லாம் கடைசி வரை கேள்வியாவே இருந்தது. உலகம் முழுக்க அந்தக் கேஸைப் பத்தி எழுதினாங்க, அழுதுதான் கனபேர் எழுதினாங்க, ஆனா அந்தக் கேஸ்ல ஆக உதவின எழுத்து பாஸ்போட்டையும் பிறப்புச் சான்றிதழையும் பக்கத்தில பக்கத்தில வச்சுக் காட்டின எழுத்துத்தான். அதால நீங்க எந்த வீட்டுக்குப் போனாலும் பிறப்புச் சான்றிதழ், பழைய பாஸ்போட், கொந்தராத்து, அடகுத் துண்டு, காசு அனுப்பின ரிசீட் இதெல்லாத்தையும் பாக்கக் கேளுங்க. கொந்தராத்து அரபில இருக்கும், வாசிக்க மௌலவி ஒராளைப் பிடிக்கலாம், எங்கட பக்கம் குறைவில்லையே. அதே ஊர் மௌலவிட்ட மட்டும் காட்டாதீங்க, அடுத்த ஊர்ல ஆளைப் பாருங்க. பியூரோ கடிதங்கள் கன நேரம் சிங்களத்தில வரும், சிங்களம் வாசிக்கத் தெரியாட்டி இப்பவே படிக்கத் தொடங்குங்க, இதுக்குக் குறுக்கு வழி இல்ல.

அசூல் கேஸ், அதாவது அகதித் தஞ்சம் கேட்ட கேஸ், எண்டா அந்த நாட்டுச் சட்டம் படிக்கணும். பயந்திடாதீங்க, கன தீர்ப்புகள் நெட்ல சும்மா கிடக்கு. கனடாவுக்கு கன்லீ (CanLII), அவுஸ்திரேலியாவுக்கு ஒஸ்ட்லீ (AustLII), பிரிட்டனுக்கு பெய்லீ (BAILII) எண்ட வெப்சைட்டுகள். தேடுற இடத்தில ட்ரிங்கோமலி (Trincomalee) எண்டு அடிச்சுப் பாருங்க. எங்கட ஊர் ஆக்கள் அங்க போய் என்ன சொன்னாங்க, அதிகாரி எதை நம்பல்ல, ஏன் நம்பல்ல எண்டு பக்கம் பக்கமா இருக்கும். கன தீர்ப்பில பேருக்குப் பதிலா எழுத்தோ நம்பரோதான் இருக்கும். அது யாரெண்டு கண்டுபிடிக்கிற வேலைக்கு மட்டும் போயிடாதீங்க. உங்களுக்கு வேண்டியது அந்த முறை எப்படி வேலை செய்யுது எண்டதுதான்.

வீட்டுக்குப் போற விதம்

முதல் தரம் போகேக்க கொப்பியும் வேணாம் கமராவும் வேணாம். அந்த வீட்டுக்குத் தெரிஞ்ச ஒராளோட போங்க, ரீச்சரோ, மாதர் சங்கத்து அக்காவோ, கடைக்காரக் காக்காவோ. ஜி.எஸ்.ஓட, அதாவது கிராம சேவகரோட, போகாதீங்க, ஜி.எஸ். நல்ல மனுசனா இருந்தாலும் சனம் உங்களை கவர்மென்ட் ஆள் எண்டுதான் நினைக்கும், ஒண்டு பயத்தில கதைக்காது, இல்லாட்டி நிவாரணம் கிடைக்கும் எண்டு கூட்டிக் கதைக்கும். என்ஜிஓ வாகனத்தில போய் இறங்கிறதும் அதே கதைதான். சுனாமிக்குப் பிறகு எங்கட சனத்துக்கு ஃபோர்ம் நிரப்பி நிரப்பிப் பழக்கம், யாரைக் கண்டாலும் அடையாள அட்டையைத் தூக்கிக்கொண்டு வருவாங்க.

நீங்க ஆம்பிளையா இருந்து, புருஷன் வெளிநாட்டில இருக்கிற வீட்டுக்குத் தனியாப் போனீங்க எண்டா, நீங்க வந்திடுவீங்க, அந்தப் பிள்ளை பிறகு ஊர் வாயில விழுந்துதான் எழும்பணும். ஒரு பொம்பிளைப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போங்க, இல்லாட்டி மாமியாக்காரி இருக்கிற நேரம் பாத்துப் போய் விறாந்தையில இருந்து கதைங்க. ஆனா மாமியார் பக்கத்தில இருந்தா உண்மை முழுக்க வராது எண்டதும் தெரிஞ்சிருக்கணும். சவூதியில இருந்து வந்த காசை யார் செலவழிச்சது எண்ட கதை மாமியார் தேத்தண்ணி போடக் குசினிக்குள்ள போன அந்தக் கொஞ்ச நேரத்தில சின்னக் குரல்ல வரும், நீங்க அதுக்குத் தயாரா இருக்கணும், அந்த நேரத்தில போனைப் பாத்துக்கொண்டு இருக்கக் கூடாது.

உம்மா, ராத்தா, அக்கா, ஐயா எண்டு அந்த வீட்டில எப்படிக் கூப்பிடுறாங்களோ அப்படிக் கூப்பிடுங்க. பத்திரிகையில இருந்து வாறம் எண்டு பெரிசாச் சொல்லாம, ஆனா மறைக்காமலும் சொல்லுங்க. நான் எழுதிற ஆள், இது பேப்பர்ல வரும், நெட்ல வந்தா உலகத்தில எங்க இருந்தும் பாக்கலாம், உங்கட மகன்ட முதலாளியும் பாக்கலாம், எண்டு தெளிவாச் சொல்லணும். "சரி தம்பி எழுதுங்க" எண்டு ஒரு சொல்லில சொல்றதை வச்சு சம்மதம் எண்டு எடுக்காதீங்க. எங்கட ஆக்கள் வீட்டுக்கு வந்த ஆளை முகத்துக்கு நேர மறுக்க மாட்டாங்க. ரெண்டாந்தரம் போய்த் திரும்பக் கேளுங்க. மூண்டாந்தரம் போகேக்க அவங்களே "அதை மட்டும் போடாதீங்க" எண்டு சொல்லத் தொடங்கினா அப்பதான் விளங்கிட்டுது எண்டு அர்த்தம்.

காசு குடுக்கிற பிரச்சினை கட்டாயம் வரும். கதைக்காகக் காசு குடுக்கக் கூடாது, குடுத்தா கதை காசுக்கேத்த மாதிரி வளரும். பிள்ளைகளுக்கு ஒரு பிஸ்கட் பைக்கற்று வாங்கிக்கொண்டு போறதை யாரும் பிழை சொல்லப் போறதில்ல. ஆனா "உங்களுக்கு வெளிநாட்டு ஆக்களைத் தெரியும்தானே, என்ட மகனுக்கு ஒரு வழி பாருங்க" எண்டு கேப்பாங்க பாருங்க, அங்கதான் நல்ல பிள்ளைக்கு நடிச்சு "பாப்பம்மா" எண்டு சொல்லிட்டு வரக் கூடாது. ஏலாது எண்டு அப்பவே சொல்லிடுங்க. பாப்பம் எண்ட சொல்லை நம்பி அந்த வீட்டில காணியை வித்தாலும் வித்திடுவாங்க.

கேள்வி கேக்கேக்க திகதி கேக்காதீங்க, ஒருத்தருக்கும் ஞாபகம் இராது, சும்மா வாயில வாறதைச் சொல்லுவாங்க. சுனாமிக்கு முதலா பிறகா, மாவிலாறு சண்டை தொடங்கினதுக்கு முதலா, கிண்ணியாப் பாலம் திறக்க முதல் பாதைப் படகில ஏறிப் போன காலமா, மகள் சாமத்தியப்பட்டதுக்கு முதலா எண்டு கேளுங்க. சுனாமி 2004 டிசம்பர் 26, மாவிலாறு 2006 ஜூலை, பாலம் 2009 அக்டோபர். இப்படி நாலைஞ்சு ஆணி அடிச்சு வச்சிட்டா மத்தக் கதையெல்லாம் அதில தானாத் தொங்கும்.

போன்ல கதைக்கிறது

அங்க இருக்கிற ஆளோட கதைக்காம கட்டுரை முடியாது. சவூதி, குவைத் எங்கள விட ரெண்டரை மணித்தியாலம் பின்னுக்கு. வீட்டுவேலைக்குப் போனவங்களுக்கு வெள்ளிக்கிழமை லீவு எண்டெல்லாம் நினைக்காதீங்க, வெள்ளிக்கிழமைதான் விருந்தாளி வாற நாள். கன வீட்டில போனை மெடம் வாங்கி வச்சிருப்பா, ராவைக்குத்தான் குடுப்பா. நீங்களா ஒருநாளும் கோல் எடுக்காதீங்க. அவங்க எடுக்கேக்க கதைங்க, வொய்ஸ் மெசேஜ் அனுப்பச் சொல்லுங்க, அனுப்பினதும் அவங்கட பக்கம் அழிக்கச் சொல்லுங்க. உங்கட பேரைப் போன்ல ஜேர்னலிஸ்ட் எண்டு போட்டு சேவ் பண்ண விடாதீங்க, தம்பி, மச்சாள் எண்டு ஏதாவது போடச் சொல்லுங்க.

வொய்ஸ் மெசேஜ்ல ஒரு நல்லது இருக்கு. ஆள் தனக்கு வசதியான நேரம், பாத்ரூமுக்குள்ள இருந்தோ மொட்டை மாடியில இருந்தோ கதைப்பா, நீங்க இடையில குறுக்கிட ஏலாது, அதால நேர்ல சொல்லாததெல்லாம் வரும். பின்னால கேக்கிற சத்தத்தையும் குறிச்சு வையுங்க. ஆனா வொய்ஸ் மெசேஜை மட்டும் நம்பி எழுதக் கூடாது, அடுத்தடுத்த நாள்ல அதே விஷயத்தை வேற மாதிரிக் கேட்டுப் பாருங்க. கனடாக்காரரோட கதைக்கிறது வேற தலையிடி, ஒன்பதரை பத்தரை மணித்தியால வித்தியாசம், அவர் ரெண்டு வேலை செய்வார், அவர் ஃப்ரீ ஆகேக்க எங்களுக்கு விடியச்சாமம். பழகிடும்.

அடி, சித்திரவதை, கடல்ல ஆள் செத்தது இந்த மாதிரி விஷயங்களைப் போன்ல தோண்டாதீங்க. சொல்லி முடிச்சிட்டு அந்த ஆள் தனிய ஒரு அறைக்குள்ள இருக்கும், நீங்க இங்க லைனைக் கட் பண்ணிட்டுச் சோறு தின்னப் போயிடுவீங்க. அவங்களா சொன்னா கேளுங்க, கேட்டு முடிய சமையல், பிள்ளை, சம்பளம் எண்டு சாதாரணக் கதைக்குக் கொண்டு வந்துதான் வைக்கணும்.

சரி பாக்கிறது

சனம் பொய் சொல்லுது எண்டு இல்ல. அஞ்சு தரம் ஏஜென்டுக்கும் லோயருக்கும் இமிக்ரேசனுக்கும் சொல்லிச் சொல்லி அந்தக் கதைக்கு ஒரு ஷேப் வந்திருக்கும், அதைத்தான் உங்களுக்கும் சொல்லுவாங்க. நீங்க அந்த ஷேப்பை உடைச்சுப் பாக்கணும்.

ஒருத்தர் "கப்பல்ல கனடா போனன்" எண்டு சொன்னா எந்தக் கப்பல் எண்டு பாருங்க. 1986 ஓகஸ்ட்ல நியூபவுண்ட்லாந்துக் கரைக்குப் பக்கத்தில லைஃப் போட்ல மிதந்து வந்த 155 பேர் இருக்காங்க, 2009 அக்டோபர்ல ஓஷன் லேடியில போன 76 பேர், 2010 ஓகஸ்ட்ல சன் சீயில போன 492 பேர். ஒவ்வொண்டுக்கும் திகதி, துறைமுகம், எவ்வளவு நாள் தடுப்பில வச்சாங்க எண்டு எல்லாம் பதிவில இருக்கு, சன் சீ ஆக்கள்ர கோர்ட் தீர்ப்புகளே கன்லீயில கிடக்கு. 2021 அக்டோபர்ல டியாகோ கார்சியாத் தீவில போய் நிண்டவங்க, 2022 நவம்பர்ல நடுக்கடல்ல காப்பாத்தி வியட்நாம்ல இறக்கின 303 பேர் எண்டு இதெல்லாம் தேடினா நாளும் நேரமும் கிடைக்கும். சொல்ற ஆள்ட கதை அந்த நாளோட பொருந்துதா எண்டு பாருங்க. பொருந்தாட்டி பொய் எண்டு முடிவெடுக்காதீங்க, திரும்பக் கேளுங்க. ஞாபகம் பிழைக்கிறது வேற, கதை கட்டிறது வேற.

அவுஸ்திரேலியா போய்த் திருப்பி அனுப்பின ஆக்களுக்கு நீர்கொழும்பு மஜிஸ்திரேட் கோர்ட்ல குடிவரவுச் சட்டத்தின் கீழ கேஸ் போட்டிருக்கும், அந்த வழக்கு நம்பரைக் கேளுங்க. எங்கட கடல்ல நேவி பிடிச்சா துறைமுகப் பொலிஸுக்குக் குடுத்து இங்கத்தக் கோர்ட்டுக்குத்தான் வரும், நீங்களே போய் இருந்து பாக்கலாம். அதில ஆர் ஆக்கள் ஏறினவங்க, ஆர் ஓட்டினவங்க எண்டு பிரிக்கிறதைப் பாருங்க. இருக்கிறதிலயே ஏழைப்பட்ட மீன்பிடிக்காரனைத்தான் ஓட்டி எண்டு எழுதியிருக்கும், காசு வாங்கின ஆள் அந்தப் பக்கமே வந்திருக்க மாட்டான். இது ஒண்டை மட்டும் வச்சு ஒரு நல்ல தொடரே எழுதலாம், ஏன் ஒருத்தரும் எழுதுறதில்ல எண்டு எனக்கு இண்டைக்கும் விளங்கல்ல.

கவர்மென்ட்கிட்ட இருந்து நம்பர் வேணும் எண்டா தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2016ம் ஆண்டு 12ம் இலக்கம். பிரதேச செயலகத்திலயும் பியூரோவிலயும் தமிழ்லயே எழுதிக் குடுக்கலாம், ஏன் கேக்கிறீங்க எண்டு காரணம் சொல்லத் தேவையில்ல. 14 வேலை நாளைக்குள்ள தாறதா இல்லையா எண்டு பதில் சொல்லணும். இல்லை எண்டா 14 நாளைக்குள்ள குறித்தளிக்கப்பட்ட அதிகாரிக்கு மேன்முறையீடு, அதுவும் சரிவராட்டி ரெண்டு மாசத்துக்குள்ள ஆணைக்குழு. ஒரே கடிதத்தில பத்து விஷயம் கேக்காதீங்க, ஒண்டுக்கு பதில் இல்லாட்டி பத்தையும் கிடப்பில போட்டிடுவாங்க. "2019ல இருந்து இந்தப் பிரதேச செயலகத்தில குடும்பப் பின்னணி அறிக்கைக்கு வந்த விண்ணப்பம் எத்தினை, நிராகரிச்சது எத்தினை, வருஷ வாரியா" எண்டு இப்படி ஒண்டு. குடுக்கேக்க கையெழுத்து வாங்கின கொப்பியைக் கவனமா வையுங்க.

பழைய விஷயம் தேட நூலகம் (noolaham.org) எண்ட வெப்சைட் இருக்கு, 2005ல இருந்து ஈழத்துப் பத்திரிகை, சஞ்சிகை எல்லாம் ஸ்கேன் பண்ணிப் போட்டுக்கொண்டு வாறாங்க. 80கள்ல, 90கள்ல எங்கட பக்கம் என்ன நடந்தது எண்டு பேப்பர் பாக்கக் கொழும்புக்கு பஸ் ஏற முதல் அங்க பாருங்க.

ஆபத்து எங்க இருக்கு

பேரை மாத்திட்டன், அதால பாதுகாப்பு எண்டு நினைக்கிறது சரியான மடத்தனம். "கிண்ணியாவைச் சேர்ந்த, மூண்டு பிள்ளைகளின் தாய், கணவர் மீன்பிடிக்கிறவர், 2012ல குவைத் போனவர்" எண்டு எழுதினா பேர் என்னவா இருந்தா என்ன, பின்னேரம் அந்த ஊர் முழுக்கத் தெரியும். பிள்ளைகள்ர எண்ணிக்கையை எடுங்க, தொழிலை எடுங்க, ஊரைப் பெரிசாக்குங்க. ஆனா எடுத்த இடத்தில பொய்யா ஒண்டைப் போடக் கூடாது, சும்மா விட்டிடுங்க. பேர் மாத்தியிருக்கு எண்டு வாசிக்கிற ஆளுக்கும் சொல்லணும். ரெண்டு பேர்ட கதையை ஒராள்ட கதையா ஒட்டுறது கதைக்காரர் வேலை, எங்கட வேலை இல்ல.

அசூல் கேஸ் நடக்கிற ஆளைப் பத்தி எழுதினா அந்த நாட்டு அதிகாரி நெட்ல தேடிப் பாப்பார். அந்த ஆள் இன்டர்வியூவில மே மாசம் எண்டு சொல்லி, உங்கட கட்டுரையில ஜூன் எண்டு வந்தா, அந்த ஒரு மாசம் அவருக்கு எதிரா வந்து நிக்கும். அதால கேஸ் முடியாத ஆள் எண்டா அவர்ர லோயரோட கதைக்காம ஒரு வரியும் போடாதீங்க. இதுக்கு மறுபக்கமும் ஒண்டு இருக்கு. "என்னைப் பொலிஸ் தேடுது எண்டு ஒரு செய்தி போட்டுத் தாங்க, கேஸுக்கு உதவும்" எண்டு கேட்டு வருவாங்க, சிலவேளை சொந்த மச்சானே கேப்பார். ஒருக்காப் போட்டீங்க எண்டா முடிஞ்சுது, பிறகு நீங்க எழுதின உண்மையான செய்தியையும் எந்த நாட்டிலயும் நம்ப மாட்டாங்க. உண்மையாவே தேடுப்படுற ஆள் ஒருத்தர் உங்கட அந்தச் செய்தியால ரிஜெக்ட் ஆவார்.

ஏஜென்ட்மாரை எழுதேக்க பேர் போட முதல் ரெண்டு ஆளும் ஒரு பேப்பரும் கையில இருக்கணும், அவன்ட பக்கத்தையும் கேட்டிருக்கணும். 2002ல குற்றவியல் அவதூறுச் சட்டத்தை எடுத்திட்டாங்க, ஆனா சிவில் கேஸ் போட்டு நஷ்டஈடு கேக்க ஏலும். 2024ல வந்த நிகழ்நிலைக் காப்புச் சட்டத்தையும் ஒருக்கா வாசிச்சு வையுங்க. சட்டத்துக்கு வெளிய இருக்கிற ஆபத்தை திருகோணமலை ஆளுக்கு நான் சொல்லித் தரத் தேவையில்ல. 2006 ஜனவரியில சுடர் ஒளிச் செய்தியாளர் சுகிர்தராஜனை இந்த டவுன்ல வச்சுத்தான் சுட்டாங்க, கடற்கரையில கொல்லப்பட்ட அஞ்சு மாணவர்கள்ர உடம்பில சூட்டுக் காயம் இருந்ததைப் படம் எடுத்துக் காட்டினவர். இப்ப காலம் மாறிட்டுது எண்டு சொல்லுவாங்க. எதுக்கும் எங்க போறன், எத்தினை மணிக்கு வருவன் எண்டு வீட்டில ஒராளுக்குச் சொல்லிட்டுப் போங்க. உண்மைப் பேர் எழுதின கொப்பி ஒரு இடம், குறிப்பு எழுதின கொப்பி வேற இடம்.

எழுதிறது

கண்ணீர்ல தொடங்காதீங்க. விமான நிலையத்தில கட்டிப்பிடிச்சு அழுற காட்சி, கடலைப் பாத்துக்கொண்டு நிக்கிற தாய், இது ரெண்டும் கண்ட இடமெல்லாம் இருக்கு. அடகுத் துண்டில இருந்து தொடங்குங்க. எத்தினை பவுண், எத்தினை வீத வட்டி, எத்தினை மாசச் சம்பளம் அனுப்பினா மீட்கலாம், அவ எத்தினையாவது மாசத்தில திரும்பி வந்தா. கணக்கை நீட்டா எழுதினாலே வாசிக்கிற ஆளுக்கு வயித்தைப் பிசையும், நீங்க "பரிதாபமான" எண்டு ஒரு சொல்லும் சேக்கத் தேவையில்ல. 2024ல வெளிநாட்டில வேலை செய்றவங்க நாட்டுக்கு அனுப்பினது 650 கோடி டொலருக்கு மேல. அந்த நம்பரை முதல் பந்தியில போட்டா ஒருத்தரும் கவனிக்க மாட்டாங்க, அந்த ஒரு வீட்டுக் கணக்கைச் சொல்லி முடிச்ச பிறகு போடுங்க.

போன ஆளைத் தெய்வமாவும் ஆக்காதீங்க, பாவமாவும் ஆக்காதீங்க. சவூதியில இருந்து வந்து கடை போட்டு நல்லா இருக்கிற ராத்தாக்களும் இருக்காங்க, புருஷன்ட அடியில இருந்து தப்பத்தான் போனன் எண்டு சிரிச்சுக்கொண்டு சொல்றவங்களும் இருக்காங்க. அவங்க சொல்ற பகிடியையும் போடுங்க. அவங்கட பேச்சை அவங்கட தமிழ்லயே விடுங்க, செந்தமிழுக்கு மாத்தினா ஆள் செத்துப் போயிடும். வெளியிட முதல் அவங்க சொன்ன பகுதியையும், அவங்களை அடையாளம் காட்டுற வரிகளையும் வாசிச்சுக் காட்டுங்க. முழுக் கட்டுரையையும் குடுத்துத் திருத்த விடாதீங்க, அப்படி விட்டா மாமாவும் மச்சானும் சேந்து ஒரு கல்யாண அழைப்பிதழ் மாதிரி ஆக்கித் தருவாங்க.

சோத்துக்கு என்ன வழி

உள்ளதைச் சொல்றன், தமிழ்ப் பேப்பருக்குப் பிராந்தியச் செய்தியாளரா இருந்து இதை மட்டும் செய்து குடும்பம் நடத்த ஏலாது. செய்திக்கு இவ்வளவு எண்டுதான் கன இடத்தில கணக்கு, அதுவும் நேரத்துக்கு வராது. ஊர்ல இருக்கிற நல்ல எழுத்தாளர் கனபேர் ரீச்சர், கடைக்காரர், டியூசன் மாஸ்டர். அதில வெக்கம் ஒண்டும் இல்ல, சம்பளம் வேற இடத்தில வந்தா அவசரப்பட்டு எழுதத் தேவையில்ல, ஒரு வீட்டுக்கு ஆறுதலாத் திரும்பத் திரும்பப் போகலாம்.

படிக்கணும் எண்டா கிழக்குப் பல்கலைக்கழகத்து திருகோணமலை வளாகத்தில, கோணேசபுரியில, தொடர்பாடல், வணிகக் கற்கைகள் பீடம் இருக்கு. கொழும்பில இதழியல் கல்லூரி இருக்கு. படிப்பை விட, பேப்பர்ல சின்னச் செய்தி எழுதி எழுதி கோர்ட், கச்சேரி (மாவட்டச் செயலகம்), பொலிஸ் எண்டு முகம் பழகிறதுதான் பிறகு பெரிய கட்டுரைக்கு உதவும். தகவல் திணைக்களத்து ஊடக அட்டை எடுக்கலாம், ஆனா அது இருந்தாத்தான் எழுதலாம் எண்டு இல்ல.

காசு வாற வழி எண்டா ஒண்டு, வெளிநாட்டு ஊடகங்களுக்கு எழுதுறது. அதுக்கு இங்கிலீஷ் கொஞ்சம் வேணும், இல்லாட்டி தெரிஞ்ச ஆளோட சேந்து எழுதலாம். ரெண்டாவது, புலிட்சர் சென்டர் மாதிரி கட்டுரைக்கு முன்பணம் குடுக்கிற இடங்கள், பொம்பிளைப் பிள்ளைகளுக்கு ஐ.டபிள்யூ.எம்.எஃப். எண்ட சர்வதேசப் பெண்கள் ஊடக அமைப்பு. விண்ணப்பத்தில பெரிய பெரிய வசனம் வேணாம், எந்த வீடு, எந்தப் பேப்பர், ஏன் நான், எவ்வளவு செலவு எண்டு எழுதுங்க. மூண்டாவது, வெளிநாட்டில இருந்து வாற செய்தியாளருக்கு ஆள் பிடிச்சுக் குடுத்து மொழிபெயர்க்கிற வேலை. காசு நல்லது, ஆனா உங்களை நம்பித்தான் அந்த வீட்டுக் கதவு திறக்கும், அவர் எழுதிட்டு பிளைட் ஏறிடுவார், அடுத்த கிழமை சந்தையில அந்த உம்மாவைச் சந்திக்கப்போறது நீங்க. அதால காசு கதைக்க முதல் ரெண்டு விஷயத்தைக் கதைச்சு எழுதி வாங்குங்க. உங்கட பேர் கட்டுரையில எழுதின ஆளா வரணும், உதவி எண்டு அடியில சின்ன எழுத்தில இல்ல. அந்த வீட்டு ஆக்கள்ர பேர், படம் போடுறதா இல்லையா எண்டு கடைசி முடிவு உங்கட்ட இருக்கணும்.

இங்கிலீஷ்ல போன கட்டுரைட தமிழ் உரிமையையும் விட்டுக் குடுக்காதீங்க. ஒப்பந்தத்தில அந்த வரியைத் தேடிப் பாருங்க, இல்லாட்டிச் சேக்கச் சொல்லுங்க. கன எடிட்டர்மார் பிரச்சினை இல்லாம ஓம் எண்டுதான் சொல்லுவாங்க, அவங்களுக்குத் தமிழ்ல போட்டு ஒண்டும் ஆகப்போறதில்ல. இங்கிலீஷ்ல வந்து ஒரு கிழமையால தமிழ்ல இங்க பேப்பருக்குக் குடுங்க, அந்த வீட்டில வாசிக்கத் தெரிஞ்ச பிள்ளைட்ட ஒரு பிரதியைக் கொண்டு போய்க் குடுத்திட்டு, பிழை இருந்தா சொல்லச் சொல்லுங்க, கட்டாயம் ஒண்டு ரெண்டு சொல்லும், அதை அடுத்த கிழமைப் பேப்பர்ல திருத்திப் போடுங்க.